தையில் தொடங்கிய அவசரநிலை: 1975–77 காலத்தைச் சேலத்து மக்கள் நினைவில் வைத்திருக்கும் முறை

ஒவ்வோர் ஆண்டும் ஜூன் 25 வந்தால் அவசரநிலை பற்றிய பேச்சு எழுகிறது. அந்த நாளை ‘சம்விதான் ஹத்யா திவஸ்’, அதாவது அரசியலமைப்புப் படுகொலை நாள் என்று 2024 ஜூலையில் மத்திய அரசு அறிவித்ததும், 2025-இல் ஐம்பது ஆண்டுகள் நிறைந்ததும் அந்தப் பேச்சைப் பெருக்கின. தொலைக்காட்சியில் அதைப் பார்க்கும் இளைஞர்கள், அந்தக் காலத்தில் வாழ்ந்த வீட்டுப் பெரியவர்களிடம் கேட்கிறார்கள். சேலத்தில் கிடைக்கும் பதில்கள் பெரும்பாலும் அவர்களைக் குழப்புகின்றன. “எமர்ஜென்சியா? கலைஞர் ஆட்சியைக் கலைச்சாங்களே, அப்ப வந்ததுதானுங்க” என்பது ஒரு வகைப் பதில். “அரிசி, பருப்பு வெலை எறங்குச்சு, ரயில் டயத்துக்கு வந்துச்சு” என்பது இன்னொரு வகை. “நமக்கென்ன தெரியும், நாம தறியில உக்காந்திருந்தோம்” என்பது மூன்றாவது வகை. பாடநூலில் ஜூன் 1975 என்று இருக்கிறது. பெரியவர் சொல்வதோ 1976-ஐச் சுட்டுகிறது. பாடநூல் அதை இருண்ட காலம் என்கிறது. பெரியவர் விலைவாசியைப் பற்றிப் பேசுகிறார்.

பெரியவர்களுக்கு மறந்துவிட்டது, அல்லது அன்றைக்கே அவர்களுக்கு அக்கறை இல்லை என்ற முடிவுக்கு இதைக் கேட்பவர்கள் எளிதில் வந்துவிடுகிறார்கள். அந்த முடிவு தவறானது. இந்தப் பதில்கள் ஒவ்வொன்றுக்கும் காரணம் இருக்கிறது. அந்தக் காரணங்களைத் தேடிச் சென்றால், தலைநகரில் இருந்து எழுதப்படும் வரலாற்றில் விடுபட்டுப்போகும் சில உண்மைகள் கிடைக்கின்றன. அவற்றை அடிப்படையிலிருந்து விளக்குவதே இக்கட்டுரையின் நோக்கம்.

அவசரநிலை: சட்டப்படி என்ன நடந்தது

தேர்தல் முறைகேட்டின் பேரில் பிரதமர் இந்திரா காந்தியின் தேர்தல் செல்லாது என்று அலகாபாத் உயர்நீதிமன்றம் 1975 ஜூன் 12 அன்று தீர்ப்பளித்தது. ஜூன் 25 இரவு, பிரதமரின் பரிந்துரையை ஏற்று, குடியரசுத் தலைவர் பக்ருதீன் அலி அகமது அரசியலமைப்பின் 352-ஆவது பிரிவின் கீழ் அவசரநிலையைப் பிரகடனம் செய்தார். ‘உள்நாட்டுக் குழப்பம்’ என்பது அதற்குச் சொல்லப்பட்ட காரணம். 1977 மார்ச் 21 வரை, ஏறத்தாழ 21 மாதங்கள் அது நீடித்தது.

இங்கே முதலிலேயே ஒரு நுட்பத்தைக் கவனிக்க வேண்டும். 1971 டிசம்பரில் பாகிஸ்தானுடன் போர் மூண்டபோது பிரகடனம் செய்யப்பட்ட ‘வெளிநாட்டு ஆபத்து’ அவசரநிலை அப்போதும் விலக்கப்படாமல்தான் இருந்தது. 1975-இல் வந்தது, அதன் மேல் போடப்பட்ட இரண்டாவது பிரகடனம். எனவே ஒரு பெரியவர் “எமர்ஜென்சி அதுக்கு முன்னாடியே இருந்துச்சே” என்று சொன்னால் அவரை உடனே திருத்திவிடக் கூடாது. சட்டப்படி அவர் சொல்வது சரி.

அடிக்கடி காதில் விழும் ‘மிசா’ என்ற சொல், 1971-இல் இயற்றப்பட்ட உள்நாட்டுப் பாதுகாப்புப் பராமரிப்புச் சட்டத்தின் ஆங்கிலப் பெயரின் முதலெழுத்துகளால் ஆனது. விசாரணை இல்லாமல் ஒருவரைச் சிறையில் வைக்க அச்சட்டம் இடம் கொடுத்தது. இதோடு இந்தியப் பாதுகாப்பு விதிகளின் கீழும் கைதுகள் நடந்தன. அவசரநிலை அத்துமீறல்களை விசாரிக்கப் பின்னர் அமைக்கப்பட்ட ஷா ஆணையத்தின் கணக்குப்படி, நாடு முழுவதும் இரண்டு வழிகளிலும் சேர்த்துக் கைதானவர்கள் 1 லட்சத்து 10 ஆயிரம் பேர் அளவில் இருந்தார்கள். 1971-இல் நாட்டின் மக்கள்தொகை 54.8 கோடி. ஆக, ஏறத்தாழ ஐயாயிரம் பேருக்கு ஒருவர். இந்த விகிதம் நினைவைப் பற்றிப் பேசுவதற்கு மிக முக்கியமானது. கைது என்பது நாட்டையே உலுக்கிய செய்தி. ஆனால் பெரும்பாலான தெருக்களில் யாரும் கைதாகவில்லை. தன் தெருவில் நடக்காத ஒன்றை, பத்திரிகைகளும் தணிக்கைக்கு உட்பட்டிருந்த காலத்தில், ஒரு நெசவாளரோ காப்பித் தோட்டத் தொழிலாளியோ எந்த வழியில் அறிந்திருப்பார் என்பதை நாம் கேட்டுக்கொள்ள வேண்டும்.

ஏழு மாத இடைவெளி

தமிழ்நாட்டு நினைவில் தேதி ‘தவறாக’ இருப்பதற்கான முதன்மைக் காரணம் இந்த இடைவெளிதான். நிகழ்ச்சிகளை வரிசைப்படுத்திப் பார்க்கலாம்.

1. 1975 ஜூனில் தமிழ்நாட்டில் ஆட்சியில் இருந்தது திமுக. அவசரநிலை வந்த ஓரிரு நாட்களிலேயே அக்கட்சி அதைக் கண்டித்துத் தீர்மானம் நிறைவேற்றியது. காங்கிரஸ் அல்லாத ஆட்சி நடந்த மாநிலங்கள் அப்போது மிகச் சிலவே; தமிழ்நாடும் குஜராத்தும் அவற்றில் குறிப்பிடத்தக்கவை.

2. மத்திய அரசின் ஆணைகளும் தணிக்கை விதிகளும் இங்கும் பொருந்தின. ஆனால் ஆணையைக் கைதாக மாற்றுவதற்குக் காவல் நிலையம் வேண்டும், மாவட்ட ஆட்சியர் வேண்டும், சிறை வேண்டும். இவை மாநில அரசின் கையில் இருந்தன. டெல்லியிலும் உத்தரப் பிரதேசத்திலும் நள்ளிரவில் வீட்டுக் கதவுகள் தட்டப்பட்டுக்கொண்டிருந்த அந்த மாதங்களில், வடக்கே தேடப்பட்டவர்களில் சிலர் தமிழ்நாட்டுக்கு வந்து தங்கினார்கள்.

3. 1975 அக்டோபர் 2 அன்று காமராஜர் மறைந்தார். அந்த ஆண்டின் இரண்டாம் பாதியில் தமிழ்நாட்டுக் குடும்பங்களை உலுக்கிய நிகழ்ச்சி அதுவே.

4. 1976 ஜனவரி 31 அன்று திமுக அரசு கலைக்கப்பட்டது. சட்டமன்றத்தின் ஐந்தாண்டுக் காலம் முடியச் சில வாரங்களே இருந்தன. ஆளுநர் கே.கே. ஷாவின் பொறுப்பில், டெல்லி அனுப்பிய ஆலோசகர்களைக் கொண்டு ஆட்சி நடந்தது.

5. அன்றிரவே கைதுகள் தொடங்கின. மு.க. ஸ்டாலின், முரசொலி மாறன் உள்ளிட்டோர் சிறைப்பட்டார்கள். சென்னை மத்தியச் சிறையில் நடந்த தாக்குதலில் காயமுற்ற முன்னாள் மேயர் சிட்டிபாபு 1977 ஜனவரியில் இறந்தார். இக்கொடுமைகளை நீதிபதி மு.மு. இஸ்மாயில் ஆணையம் பின்னர் விசாரித்தது.

இந்த வரிசையைப் பார்த்த பிறகு, “கலைஞர் ஆட்சியைக் கலைச்சப்ப வந்தது” என்ற பதிலை மீண்டும் படித்துப் பாருங்கள். அரசிதழின்படி அது தவறு. ஆனால் காவலர் கதவைத் தட்டியது, கட்சிக்காரர் காணாமல் போனது, கூட்டம் போடப் பயந்தது ஆகியவை எப்போது தொடங்கின என்ற கணக்கில், தமிழ்நாட்டைப் பொறுத்தவரை அது சரியான தேதி. பிரகடனம் வந்தது ஆனியில். அது தமிழ்நாட்டு வீட்டு வாசலுக்கு வந்தது தையில். இரண்டும் ஒரே தமிழ் ஆண்டில் நடந்தன. அந்த ஆண்டின் பெயர் ராட்சச. பஞ்சாங்கம் பார்க்கும் வீட்டுப் பெரியவர் “ராட்சச வருசம்” என்று ஒற்றைச் சொல்லில் முடித்துக்கொண்டால், அவருக்கு இரண்டு தேதியும் ஒன்றாகிவிடுவதில் வியப்பில்லை.

நினைவு எப்படி வேலை செய்கிறது

பெரிய அதிர்ச்சிச் செய்தியைக் கேட்ட தருணம் படம் பிடித்தாற்போல மனத்தில் நிற்கும் என்று நாம் நம்புகிறோம். 1986 ஜனவரி 28 அன்று அமெரிக்காவின் சேலஞ்சர் விண்கலம் வெடித்துச் சிதறியபோது, உளவியலாளர் உல்ரிக் நைசர் இந்த நம்பிக்கையைச் சோதித்தார். மறுநாள் காலையிலேயே மாணவர்களிடம், செய்தியை எங்கே, யாரிடம், எப்படிக் கேட்டீர்கள் என்று எழுதி வாங்கினார். இரண்டரை ஆண்டுகள் கழித்து அவர்களில் 44 பேரிடம் அதையே மீண்டும் கேட்டார். நான்கில் ஒருவர் சொன்னதில் எதுவுமே முன்பு எழுதியதோடு பொருந்தவில்லை. தவறாகச் சொன்ன பலரும் தாங்கள் சொல்வது சரி என்பதில் உறுதியாக இருந்தார்கள். இரண்டரை ஆண்டில் இப்படியென்றால் ஐம்பது ஆண்டில் சொல்ல வேண்டியதில்லை.

அப்படியானால் மனிதர் எதைக் கொண்டு காலத்தை நிறுத்தி வைக்கிறார்? சுற்றியிருப்பவர்களைக் கொண்டுதான் என்றார் பிரெஞ்சுச் சமூகவியலாளர் மோரிஸ் ஹால்ப்வாக்ஸ். குடும்பம், தொழில், ஊர், கட்சி ஆகிய குழுக்களில் திரும்பத் திரும்பப் பேசப்படுவது நிற்கிறது. பேச ஆளில்லாதது கரைகிறது. நம் ஊரில் இதைக் கண்கூடாகப் பார்க்கலாம். “மூத்தவ வயித்துல இருந்தப்ப”, “அப்பா தறி வாங்கின வருசம்”, “மேட்டூரு தண்ணி வராத வருசம்” என்றுதான் காலம் சொல்லப்படுகிறது. 1975 என்ற எண், பள்ளியும் அலுவலகமும் கொடுத்தது. வீட்டில் அதற்குப் பெரிய வேலை இல்லை.

தவறான தேதியை எப்படி வாசிப்பது என்பதற்கு இத்தாலியில் இருந்து ஒரு சிறந்த எடுத்துக்காட்டு உண்டு. டெர்னி என்ற எஃகு ஆலை நகரில் 1949 மார்ச் 17 அன்று, இத்தாலி நேட்டோவில் சேர்வதை எதிர்த்த ஊர்வலத்தில், லூயிஜி ட்ரஸ்துல்லி என்ற 21 வயதுத் தொழிலாளி காவல்துறையால் கொல்லப்பட்டார். வாய்மொழி வரலாற்றாளர் அலெஸ்ஸாண்ட்ரோ போர்ட்டெல்லி பல ஆண்டுகள் கழித்து அங்கே கேட்டபோது, பலர் அந்தச் சாவை 1953-இல் ஆட்குறைப்புக்கு எதிராக நடந்த போராட்டத்தோடு சேர்த்துச் சொன்னார்கள். இந்தத் தேதி மாற்றத்தை அவர் மறதி என்று தள்ளவில்லை. நேட்டோவுக்காக ஒரு உயிர் போனது என்பதைவிட, வேலைக்காகப் போனது என்பதே அந்தத் தொழிலாளர்களின் வாழ்க்கைக்குப் பொருளுடையதாக இருந்தது. எது தங்களுக்கு முக்கியமாக இருந்ததோ அந்த இடத்துக்கு அந்தச் சாவை அவர்கள் நகர்த்தி வைத்தார்கள் என்று அவர் விளக்கினார்.

இதே கண்ணோடு சேலத்தைப் பார்க்கும்போது ஓர் எச்சரிக்கையும் தேவை. இந்த ஊருக்குச் சிறை பற்றிய வேறொரு பழைய காயம் உண்டு. 1950 பிப்ரவரி 11 அன்று சேலம் மத்தியச் சிறையில் நடந்த துப்பாக்கிச்சூட்டில் கம்யூனிஸ்ட் கைதிகள் 22 பேர் உயிரிழந்தார்கள். இடதுசாரிக் குடும்பம் ஒன்றில் ‘ஜெயில்’ என்று பேச்சு வந்தால் எந்தச் சிறை, எந்த ஆண்டு என்பதைக் கேட்பவர் பொறுமையாகப் பிரித்தறிய வேண்டும். 1976-இன் கதைக்குள் 1950 எளிதில் வந்து அமர்ந்துகொள்ளும்.

குகையில், அம்மாப்பேட்டையில்

குகை, அம்மாப்பேட்டை ஆகிய சேலத்துப் பகுதிகளின் நெசவுத் தெருக்களில் அவசரநிலை எப்படி வந்திருக்கும் என்பதை, தறியின் பக்கத்திலிருந்து பார்த்தால்தான் புரியும். குழித்தறியில் கால்களைக் குழிக்குள் விட்டு உட்கார்ந்து நெய்பவருக்கு நாள் தொடங்குவது விடியலுக்கு முன்னே. பாவடியில், அதாவது தெருவை ஒட்டிய திறந்தவெளியில், பாவு எனப்படும் நீளவாட்டு நூலை நீட்டிக் கட்டி, கஞ்சி போட்டு, வெயில் ஏறுவதற்குள் ஆற்றி எடுக்க வேண்டும். பாவு நீட்டுவதற்குப் பல கைகள் வேண்டும். அக்கம்பக்கத்து வீடுகள் எல்லாம் சேர்ந்து நிற்கும் வேலை அது. ஊர்ச் செய்தி பரிமாறப்படுவதும் அங்கேதான். பத்திரிகை தணிக்கைக்கு உட்பட்டிருந்த காலத்தில், பாவடியில் யார் என்ன சொன்னார்கள் என்பது அச்சில் ஏறாத ஒரு செய்தித்தாள். அதை அன்று யாரும் எழுதி வைக்கவில்லை என்பது எனக்குப் பெரும் இழப்பாகத் தோன்றுகிறது.

நெசவாளர் குடும்பம் அந்த ஆண்டுகளை எதைக் கொண்டு அளந்தது? நூல் விலையைக் கொண்டு. அவசரநிலைக்கு முந்தைய இரண்டு ஆண்டுகள் நாடெங்கும் விலைவாசி கடுமையாக ஏறியிருந்தது. 1974-இல் மொத்த விலை உயர்வு 25 விழுக்காட்டைத் தொட்டது. 1975 ஜூலை 1 அன்று பிரதமர் அறிவித்த இருபது அம்சத் திட்டத்தில் கைத்தறி வளர்ச்சியும் ஓர் அம்சம். அதே ஆண்டு நவம்பரில் மத்திய அரசில் கைத்தறிக்கெனத் தனி வளர்ச்சி ஆணையர் அலுவலகம் அமைந்தது. 1976 அக்டோபரில் ஜனதா துணித் திட்டம் தொடங்கியது. ஏழைகளுக்கு மலிவு விலை வேட்டி சேலைகளைக் கைத்தறியில் நெய்வித்து, நெசவாளர்க்கு ஆண்டு முழுதும் வேலை தருவது அதன் நோக்கம். ‘ஜனதா’ என்ற பெயரைக் கேட்டு, இது 1977-இல் வந்த ஜனதா கட்சி ஆட்சியின் திட்டம் என்று எண்ணுவது இயல்பு. உண்மையில் அது அவசரநிலைக்குள் பிறந்தது. ஒரு பெயர் நினைவை எப்படி அடுத்த ஆட்சிக்குத் தள்ளிவிடும் என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று வேண்டியதில்லை.

விலை இறங்கியது உண்மை, காரணம் வேறு

“எமர்ஜென்சில வெலைவாசி எறங்குச்சு” என்று சொல்பவர்களைப் பார்த்து, சர்வாதிகாரத்தை ஆதரிக்கிறார்கள் என்று சினம் கொள்பவர்கள் உண்டு. அவர்கள் சொல்வதில் ஒரு பகுதி புள்ளிவிவரப்படி சரி என்பதை முதலில் ஒப்புக்கொள்ள வேண்டும். 1975–76-இல் மொத்த விலைக் குறியீடு உண்மையிலேயே சற்றுக் குறைந்தது.

அதற்குக் காரணங்கள் இரண்டு. ஒன்று, 1974-இலேயே பணப்புழக்கத்தைக் கட்டுப்படுத்த எடுத்த நடவடிக்கைகள். அவற்றில் ஒன்று கட்டாயச் சேமிப்புத் திட்டம்: சம்பளக்காரர்களுக்குக் கூடுதலாகக் கிடைக்க வேண்டிய பஞ்சப்படியில் பாதி கைக்கு வராமல் பிடித்து வைக்கப்பட்டது. இரண்டாவது, மழை. 1975-இல் பருவமழை நன்றாகப் பெய்தது. 1974–75-இல் 10 கோடி டன்னுக்குச் சற்றுக் குறைவாக இருந்த நாட்டின் தானிய விளைச்சல், 1975–76-இல் 12 கோடி டன் அளவுக்கு உயர்ந்தது. பதுக்கல்காரர்கள் மீதான நடவடிக்கைக்கும் பங்கு இருக்கலாம். ஆனால் மழைக்கு மிசா தேவைப்படவில்லை. விலை இறங்கிய அனுபவம் உண்மை, அதற்குக் கொடுக்கப்படும் காரணம் பின்னால் ஒட்டப்பட்டது. நினைவு பெரும்பாலும் இப்படித்தான் பிழை செய்கிறது: நடந்ததைப் பிடித்துக்கொள்கிறது, ஏன் நடந்தது என்பதைப் பக்கத்தில் இருந்த பெரிய பெயரிலிருந்து எடுத்துக்கொள்கிறது.

ஆலைத் தொழிலாளியின் நினைவு இதிலிருந்து மாறுபடுவதும் இயல்பே. 1975 செப்டம்பரில் குறைந்தபட்ச போனஸ் 8.33 விழுக்காட்டிலிருந்து 4 விழுக்காடாக வெட்டப்பட்டது. தீபாவளி நெருங்கும் நேரம் அது. ரயில்வே குடும்பங்களுக்கோ 1974 மே மாத வேலைநிறுத்தமும் அதைத் தொடர்ந்த கைதுகளும் வேலைநீக்கங்களும்தான் பெரிய வடு. சேலம் ஜங்ஷன் குடியிருப்பில் வாழ்ந்த ஒருவர் ‘எமர்ஜென்சி’ என்று சொல்லி 1974-ஐப் பேசினால், தன்னைப் பொறுத்தவரை அடக்குமுறை எப்போது தொடங்கியது என்பதைத்தான் அவர் சொல்கிறார். “ரயில் டயத்துக்கு வந்துச்சு” என்று பயணி சொல்லும் அதே ரயிலை ஓட்டியவர் வீட்டில் வேறு கதை இருக்கும்.

மலை மேல் வேறு ஆண்டு

சேலத்தை அடுத்து, ஏற்காடு இருக்கும் சேர்வராயன் மலைக்குப் போனால் காலக்கணக்கே மாறிவிடுகிறது. 1975 ஜூலையில், அதாவது அவசரநிலை வந்த மூன்றே வாரத்தில், பிரேசில் நாட்டின் பரானா மாநிலத்தில் கடும் உறைபனி விழுந்தது. அங்கிருந்த காப்பித் தோட்டங்கள் கருகின. உலகிலேயே மிகுதியாகக் காப்பி விளைவிக்கும் நாட்டில் இப்படி ஆனதால், 1976-இலும் 1977-இலும் உலகச் சந்தையில் காப்பி விலை பல மடங்கு ஏறியது. ஏற்காட்டுத் தோட்டக்காரர் அன்று தன் காப்பியைத் தானே விற்க முடியாது. விளைந்ததைக் காப்பி வாரியத்தின் பொதுத் தொகுப்புக்குக் கொடுத்துவிட வேண்டும், வாரியம் விற்றுத் தவணை தவணையாகப் பணம் தரும். எனவே உலக விலை அப்படியே இங்கே வந்து சேரவில்லை. வந்தபோதும் தாமதமாக வந்தது. ஆயினும் காப்பியை நம்பிய ஒரு மலையில், அந்த ஆண்டுகள் டெல்லியைவிடப் பிரேசிலோடு நெருங்கியவையாக இருந்தன என்று சொல்வது மிகையாகாது. விலை ஏற்றத்தில் பழம் பறித்த பெண்ணின் கூலிக்கு எவ்வளவு வந்தது என்பதுதான் அங்கே கேட்க வேண்டிய கேள்வி.

பேசப்படாத நினைவு

குடும்பக் கட்டுப்பாடு அறுவைச் சிகிச்சையைப் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும். 1975–76-இல் நாடு முழுவதும் 26 லட்சம் அளவில் இருந்த எண்ணிக்கை, 1976–77-இல் 80 லட்சத்தைத் தாண்டியது. வடக்கே வற்புறுத்தலும் வன்முறையும் நடந்தன. 1977 தேர்தலில் அங்கே மக்கள் கொட்டிய சினத்துக்கு இது முக்கியக் காரணம். தமிழ்நாட்டில் இந்த நினைவு அவசரநிலையோடு அதே வலுவில் ஒட்டிக்கொள்ளவில்லை. இங்கே முகாம்களும் ஊக்கத்தொகையும் 1950-களிலேயே தொடங்கிவிட்டன. சிவப்பு முக்கோணமும் ‘நாம் இருவர் நமக்கு இருவர்’ என்ற வாசகமும் அவசரநிலைக்கு முன்னும் பின்னும் சுவரில் இருந்தன. முன்னும் பின்னும் இருக்கும் ஒன்றை ஓர் ஆண்டுக்குள் நிறுத்தி நினைவுகூர முடியாது. ஒருவர் விரும்பிப் போனாரா, மேலதிகாரி சொன்னதால் போனாரா, சம்பளம் நிற்கும் என்ற பயத்தில் போனாரா என்பது குடும்பத்துக்குள்ளேயே பேசப்படாத செய்தி. பேசப்படாததால் கரைந்துபோன நினைவு இது. இல்லாமல் போனதாக இதை எண்ணிவிடக் கூடாது.

இதற்கு நேர்மாறானது மிசா. திமுக குடும்பங்களில் அச்சொல் பெயருக்கு முன் வரும் பட்டமாகவே ஆகிவிட்டது. பீகாரில் லாலு பிரசாத் யாதவ் தம் மகளுக்கே மிசா என்று பெயரிட்டார். ஒரு கட்சி மேடைதோறும் எடுத்துச் சொல்லி வளர்த்த நினைவு ஐம்பது ஆண்டுகள் கடந்தும் கூர்மையாக இருக்கிறது. மேடை கிடைக்காத நினைவுகள் மங்கிவிட்டன. எனவே ஒரு நினைவு எவ்வளவு தெளிவாக இருக்கிறது என்பதை வைத்து, அது எத்தனை பேரைத் தாக்கியது என்று அளக்கக் கூடாது.

1977 வாக்கு: புதிரும் விடையும்

இவ்வளவையும் சேர்த்துப் பார்த்தால்தான் 1977 மார்ச் தேர்தல் விளங்கும். உத்தரப் பிரதேசத்தின் 85 தொகுதிகளிலும் பீகாரின் 54 தொகுதிகளிலும் காங்கிரஸ் ஒன்றைக்கூட வெல்லவில்லை. தமிழ்நாட்டிலோ அதிமுக, காங்கிரஸ், இந்தியக் கம்யூனிஸ்ட் கட்சி ஆகியவை சேர்ந்த அணி 39-இல் 34 இடங்களை வென்றது. ‘தமிழர்கள் அவசரநிலையை ஆதரித்தார்கள்’ என்று இதைச் சுருக்கிச் சொல்வது தவறான வாசிப்பு. வாக்காளர் முன் இருந்தது வேறு கேள்வி. 1972-இல் திமுகவிலிருந்து பிரிந்த எம்.ஜி.ஆரா, ஊழல் குற்றச்சாட்டின் பேரில் சர்க்காரியா ஆணைய விசாரணைக்கு உள்ளாகியிருந்த திமுகவா என்பதே இங்கே போட்டி. திராவிடர் கழகம் என்ற பெயரே 1944-இல் பிறந்த ஊர் சேலம். இங்கே அரசியல் நினைவு மாநிலக் கட்சிகளின் வழியாகவே ஓடுகிறது. டெல்லியின் நிகழ்ச்சி அந்த வழியில் வரும்போதுதான் இங்கே பதிவாகிறது.

கேட்கும் முறை

1975-இல் 18 வயது நிரம்பியவர்களுக்கு 2025-இல் 68 வயது. இன்னும் சில ஆண்டுகள்தான் கேட்க முடியும். இந்தக் காலத்துக்கு அச்சு ஆவணங்களை மட்டும் நம்புவதும் சரியாகாது. மற்ற ஆண்டுகளில் வாய்மொழியைச் சரிபார்க்கப் பத்திரிகையை நாடுவோம். 1975–77-இன் பத்திரிகை தணிக்கையாளரின் கையைத் தாண்டி வந்தது. அச்சில் இல்லை என்பதால் நடக்கவில்லை என்று முடிவு கட்ட முடியாத காலம் அது.

கேட்கும்போது ஆண்டில் தொடங்கக் கூடாது. “1975-இல் என்ன நடந்தது?” என்று கேட்டால் தொலைக்காட்சியில் கேட்டதே திரும்பி வரும். குகையில் என்றால், வேடமிட்டவர்கள் வண்டிகளில் ஊர்வலமாக வரும் ஆடி மாத வண்டி வேடிக்கையில் தொடங்கலாம்: எந்த வருடம் யார் என்ன வேடம் கட்டினார்கள், எந்த வருடம் கூட்டம் குறைந்தது. மலையில் என்றால் சேர்வராயன் கோயில் திருவிழாவும் காப்பிப் பழம் பறிக்கும் பருவமும் நல்ல கணு. கேட்டதைத் திருத்தாமல் அப்படியே எழுத வேண்டும். சரியான தேதியைப் பக்கத்தில் தனியே குறிக்க வேண்டும். இரண்டுக்கும் உள்ள இடைவெளியை அழித்துவிட்டால், அதில் இருக்கும் செய்தியும் அழிந்துவிடும்.

வீட்டில் இருக்கும் பொருள்கள் பேசும் அளவுக்கு வேறு எதுவும் பேசாது. பரணில் கிடக்கும் எவர்சில்வர் குடத்தை இறக்கி, விளிம்புக்குக் கீழே பாருங்கள். சீர் கொடுத்தவர் பெயரும் தேதியும் புள்ளி புள்ளியாக வெட்டப்பட்டிருக்கும். தை, முகூர்த்த மாதம். 1976-இன் தை மாதக் கடைசியில், பிப்ரவரி முதல் வாரத்தில் தேதி வெட்டிய பாத்திரம் ஒன்று கிடைத்தால், அது ஆட்சி கலைந்து கைதுகள் நடந்துகொண்டிருந்த நாட்களில் நடந்த கல்யாணம் என்று பொருள். அந்தக் கல்யாணப் பத்திரிகையும் பெட்டியில் எங்காவது இருக்கலாம். கழகக் குடும்பமாக இருந்தால், தலைமை தாங்குபவர், முன்னிலை வகிப்பவர், வாழ்த்துரை வழங்குபவர் என்று பெயர்கள் வரிசையாக அச்சிடப்பட்டிருக்கும். அந்தப் பெயர்களை ஒவ்வொன்றாகப் படித்து, இவர் அன்றைக்கு மேடைக்கு வந்தாரா, வரவில்லையென்றால் மாலையை யார் எடுத்துக் கொடுத்தார்கள் என்று பாட்டியிடம் கேட்க வேண்டும்.